எதிராளியின் முகம்: பிலிப்பைன்ஸ் நடிகர் எடி கார்சியா

ஒரு நாட்டார் தம் மேடையில் யாரைத் தீயவனாக நிறுத்துகிறார்கள் என்று பார்த்தால், அந்நாட்டின் வரலாறு பாதி விளங்கிவிடும். பிலிப்பைன்ஸ் தீவுகளில் அந்த இடம் நெடுங்காலம் ஒரு முஸ்லிமுக்கே ஒதுக்கப்பட்டிருந்தது. 1637-ஆம் ஆண்டில் ஸ்பானிய ஆளுநர் கொர்குவேரா, மிண்டனாவோத் தீவின் வேந்தரான சுல்தான் குதரத்தின் மீது படையெடுத்துச் சென்று, வெற்றி முழக்கத்தோடு மணிலா திரும்பினார். அவ்வெற்றியைக் கொண்டாட அவ்வாண்டே அந்நகரில் ஒரு நாடகம் ஆடப்பட்டது. அதனை இயற்றியவர் ஏசு சபைப் பாதிரியார் ஒருவர். இவ்வாறு தொடங்கி, ஊர்த் திருவிழாக்கள்தோறும் பரவி வளர்ந்த கூத்துக்கு மக்கள் இட்ட பெயர் 'மோரோ-மோரோ'. ஒரு பக்கம் கிறித்தவ இளவரசன். மறுபக்கம் மோரோ அரசன். இடையே ஒரு காதல், நீண்ட வாட்போர், இடி முழக்கம் போன்ற வசனங்கள். முடிவில் மோரோ மடிவான். அல்லது ஞானஸ்நானம் பெறுவான். மூன்றாவது முடிவு என்பது அந்தக் கூத்தில் கிடையாது.

மேடையில் தோற்ற குதரத் வரலாற்றில் பிடிபடவே இல்லை என்பது வேறு செய்தி. அப்போருக்குப் பின்னும் முப்பதாண்டுகளுக்கு மேல் மிண்டனாவோவில் அவர் செல்வாக்கு நிலைத்திருந்தது. இதைத் திருவிழாக் கூட்டத்துக்கு எவரும் சொல்லவில்லை.

'மோரோ' என்ற சொல்லை நாம் சற்று நின்று பார்க்க வேண்டும். அந்தலூசியாவில் எண்ணூறு ஆண்டுகள் தம்மோடு வாழ்ந்த முஸ்லிம்களை ஸ்பானியர் அழைத்த பெயர் அது. அவர்கள் பாதி உலகைச் சுற்றிக் கீழ்க்கடலுக்கு வந்தார்கள். மிண்டனாவோவிலும் சூலுத் தீவுகளிலும் மீண்டும் முஸ்லிம்களைக் கண்டார்கள். பழைய பெயரையே சூட்டினார்கள். அவர்களுடைய அண்டை நாட்டாரான போர்த்துக்கீசியர் இலங்கைக் கரைக்கு வந்து, அங்கே தமிழ் பேசி வணிகம் செய்துகொண்டிருந்த நம் உறவினரையும் அதே பெயரால்தான் குறித்தனர். ஆங்கிலேயர் வாயில் அது 'மூர்' ஆயிற்று. இலங்கைச் சோனகரின் அரசாங்கப் பதிவுகளில் இன்றளவும் அந்தச் சொல் நிற்கிறது. ஆகவே மணிலாத் திருவிழாவில் ஆண்டுதோறும் வெட்டுண்டு விழுந்த அந்த மோரோ நமக்கு முற்றும் அந்நியனல்லன்.

நியாயமாகப் பேசுவதானால் நம் பக்கமும் ஒரு பார்வை வேண்டும். நம் முன்னோர் இரவிரவாகப் படிக்கக் கேட்டு மகிழ்ந்த படைப்போர் இலக்கியங்களில் எதிராளிக்குக் கிடைக்கும் கதியும் ஏறக்குறைய அதுவே: தோல்வி, இல்லையேல் மார்க்கம் தழுவுதல். அங்கும் எதிராளிக்கு முகமில்லை. வாளும் வசவும் மட்டுமே உண்டு. உமறுப் புலவரின் சீறாப்புராணத்துக்கு வந்தால் நிலைமை மாறுகிறது. அபூஜஹில் யார்? காட்டிலிருந்து வந்த கொள்ளைக்காரனா? மக்கா நகரத்துப் பெருங்குடிமகன். சபையில் முன்னிருக்கை பெற்றவன். 'அபுல் ஹகம்', அதாவது அறிவின் தந்தை என்று ஊரார் மதித்து அழைத்தவன். அண்ணல் நபி (ஸல்) அவர்களின் தூதுச் செய்தியை அவன் எதிர்த்தது அந்த இருக்கை பறிபோகும் என்ற அச்சத்தால். தீமை வெளியிலிருந்து வாளேந்தி வருகிறது என்பது ஒரு கதை மரபு. ஊரின் நடுவே மதிப்போடு அமர்ந்திருக்கிறது என்பது மற்றொன்று. இவ்விரண்டையும் மனத்தில் இருத்திக்கொண்டால், நான் பேச வந்த நடிகரின் அருமை விளங்கும்.

எடி கார்சியா 1929 மே 2-ஆம் நாள், லூஸோன் தீவின் தென்கோடியில் உள்ள சொர்சொகோன் மாகாணத்தில் பிறந்தவர். பிக்கோல் மொழி பேசும் நாடு அது. திரையுலகம் முழுவதும் அவரை 'மானோய்' என்றே அழைத்தது. பிக்கோல் மொழியில் அதற்கு அண்ணன் என்று பொருள். காயல்பட்டினத்தார் 'காக்கா' என்பார்களே, அதே உறவு, அதே மரியாதை. இரண்டாம் உலகப் போர் முடிந்த காலத்தில் அமெரிக்கப் படையின் கீழ் இயங்கிய பிலிப்பைன்ஸ் படைப்பிரிவில் சேர்ந்து, ஒக்கினாவாவில் இராணுவக் காவலராகப் பணியாற்றினார். ஊர் திரும்பியபின், மனுவெல் கொந்தே என்ற இயக்குநர் ஒரு படத்துக்கு ஆள் தேர்ந்தெடுக்கிறார் என்று கேள்விப்பட்டுச் சென்றார். நடிப்புப் பள்ளி எதிலும் பயிலாத இளைஞர் அவர்; படைமுகாமின் ஒழுங்கு ஒன்றே கையிருப்பு. அந்த ஒழுங்கு கடைசிவரை அவரை விடவில்லை. படப்பிடிப்புத் தளத்துக்கு முதலில் வருபவர் அவர். வசனத்தை மனப்பாடம் செய்துகொண்டே வருபவர் அவர். உடன் நடித்தவர்கள் ஒருமுகமாகச் சொல்லும் செய்தி இது.

அவர் முதன்முதல் நடித்த படம் 'ஸியெத்தே இன்ஃபாந்தெஸ் தெ லாரா', லாரா குலத்து ஏழு இளவரசர்கள். மோரோ-மோரோவுக்கு மூலமாக அமைந்த பழைய ஸ்பானியக் கதைகளின் இனத்தைச் சேர்ந்தது அது. அந்தக் கதையை அறிந்தவர்களுக்கு ஒரு வியப்பு காத்திருக்கிறது. ஏழு சகோதரர்களையும் சூழ்ச்சியால் மரணத்தில் தள்ளுபவன் அவர்களுடைய சொந்த மாமன். அவர்களின் தந்தையைக் கொன்றுவிடும்படி குர்துபாவின் அல்மன்சூருக்கு அவன் கடிதம் எழுதி அனுப்புகிறான். அல்மன்சூர் கொல்ல மனமின்றிச் சிறையில் வைக்கிறார். அந்தச் சிறைவாசத்தில் ஒரு முஸ்லிம் பெண்ணுக்கும் அத்தந்தைக்கும் பிறந்த மகன் முதாரா. வளர்ந்தபின் காஸ்டீலுக்குச் சென்று பழி தீர்ப்பவன் அவனே. ஆக, மோரோக்கள் எதிரிகளாக வரும் கதையிலேயே உண்மையான கொடியவன் குடும்பத்துக்குள் இருக்கிறான். நீதி குர்துபாவிலிருந்து வருகிறது. கார்சியாவின் கலை வாழ்வு இந்தக் கதையிலிருந்து தொடங்கியது தற்செயல்தான். ஆயினும் அவருடைய பிற்கால வேடங்கள் அனைத்தும் அந்த மாமனின் வம்சம் என்றே எனக்குப் படுகிறது.

அக்காலத்துத் திரைப்படம் மோரோவை எப்படிப் பார்த்தது? 1939-இல் ஹாலிவுட் எடுத்த 'தி ரியல் குளோரி' என்ற படத்தில் கேரி கூப்பர் வெள்ளைக்கார மருத்துவராக வந்து, மோரோக்களின் கொடுமையிலிருந்து கிறித்தவ ஊரைக் காக்கிறார். கூத்து மேடை அப்படியே திரைக்கு ஏறிவிட்டது. மணிலாவின் இயக்குநர்களில் சிலர் மேலான உள்ளம் உடையவர்கள். லாம்பெர்தோ அவெல்லானா 1957-இல் எடுத்த 'பாட்ஜாவோ', சூலுக் கடலில் படகே வீடாக வாழும் மக்களையும் தௌஸுக் முஸ்லிம்களையும் பரிவோடு காட்டியது. எனினும் அதில் முஸ்லிமாக வேடமிட்டவர்கள் மணிலாவின் கிறித்தவ நட்சத்திரங்களே. ஒரு முஸ்லிம் மருத்துவரைக் கதையின் நடுவில் நிறுத்தி, அவர் வீட்டுத் துயரை அவர் கண்ணாலேயே காட்டிய படம் வெகுநாள் கழித்து வந்தது. 2001-இல் மரிலூ தியாஸ்-அபாயா என்ற பெண்மணி இயக்கிய 'பாகோங் புவான்' அது. பெயருக்குப் பொருள் புதிய பிறை.

1950-களில் கார்சியா சேர்ந்த இடம் 'சம்பகீத்தா' படக் கம்பெனி. சம்பகீத்தா என்பது மல்லிகைப் பூவின் பெயர். கம்பெனியின் படங்களும் மல்லிகைச் சரம்போல மணமும் வெண்மையுமாகவே இருந்தன. அழகிய நாயகன், கண்ணீர் மல்கும் நாயகி, பாட்டு. நாயகனுக்கு அந்நாட்டார் வைத்த பெயர் 'பிடா'. எதிர் நின்றவன் 'கொந்த்ராபிடா'. கார்சியா கொந்த்ராபிடா ஆனார். பிலிப்பைன்ஸ் திரைக்கலைக் கழகமான ஃபாமாஸ் வழங்கும் துணை நடிகர் விருதை 1950-களின் பிற்பகுதியில் தொடர்ந்து மூன்று ஆண்டுகள் பெற்றார். பிற்காலத்தில் துணை நடிகர், நாயக நடிகர், இயக்குநர் ஆகிய மூன்று பிரிவுகளிலும் அக்கழகத்தின் நிரந்தரப் புகழ்ப்பட்டியலில் இடம்பெற்ற ஒரே மனிதரானார். முதலில் கிட்டியது துணை நடிகருக்கான இடமே. மற்றவை அதைத் தொடர்ந்து வந்தவை.

அவர் கொண்டுவந்த புதுமை என்ன? கொடியவன் என்றால் உறும வேண்டும், கண்ணை உருட்ட வேண்டும், தொண்டை கிழியச் சிரிக்க வேண்டும் என்ற கூத்துமேடைப் பழக்கம் எல்லா நாட்டுத் திரைகளிலும் நெடுநாள் நீடித்தது. கார்சியா குரலைத் தாழ்த்தினார். சொல்லுக்குச் சொல் இடைவெளி விட்டார். மெல்லிய மீசைக்குக் கீழே பாதியில் நின்றுவிடும் ஒரு புன்னகை. தூய வெள்ளைச் சட்டை, மடிப்புக் கலையாத கால்சட்டை, பிறர் எழுந்து நின்றபின் உட்காரும் நிதானம். அவர் வேடமிட்டவர்கள் யார் என்று வரிசைப்படுத்திப் பார்த்தால் நமக்கே வியப்பு ஏற்படும். நிலப்பிரபு, ஆலை முதலாளி, நகர்மன்றத் தலைவர், தளபதி, நீதிபதி. மோரோ-மோரோவில் கடலுக்கு அப்பாலிருந்து வளைந்த வாளோடு வந்தானே அந்த எதிராளி, அவனை இவர் ஊருக்குள் அழைத்துவந்து மாளிகையில் குடியேற்றிவிட்டார். எழுத்தாளர்களும் இயக்குநர்களும் காலமும் சேர்ந்து செய்த மாற்றம் அது என்பதை மறுக்கவில்லை. ஆனால் அம்மாற்றம் மக்களுக்கு நம்பத்தக்கதாகத் தோன்றியது இவருடைய உடலாலும் குரலாலும் என்பது என் துணிபு.

ஒரு படத்தைச் சற்று விரிவாகப் பார்க்கலாம். 1987-இல் வந்த 'காபாக் புனோ நா ஆங் ஸாலொப்'. ஸாலொப் என்பது அரிசி அளக்கும் மரக்கால். மரக்கால் நிரம்பி வழிந்தால் கோலால் வழித்துச் சமன் செய்யத்தானே வேண்டும்? பொறுமை நிரம்பி வழிவதற்கு அந்நாட்டார் சொல்லும் வழக்கு அது. நாயகன் ஃபெர்னாந்தோ போ, நேர்மையான காவல் அதிகாரி. எதிரே கார்சியா, வால்டெர்ராமா என்ற நீதிபதி. நீதியின் அங்கியை அணிந்துகொண்டே சட்டத்தை விலைபேசுபவர். அந்த அதிகாரியும் நீதிபதியும் நேருக்கு நேர் மொழியும் வசனங்களைப் பிலிப்பினோக்கள் இன்றும் ஒப்பித்து மகிழ்கிறார்கள். படம் வந்த ஆண்டைக் கவனிக்க வேண்டும். ஃபெர்டினாந்து மார்கோஸ் நாட்டைவிட்டு ஓடி ஓராண்டுதான் ஆகியிருந்தது. வழக்குமன்றமும் காவல் நிலையமும் யாருக்குச் சொந்தமாயிருந்தன என்பதை இருபதாண்டுகள் நேரில் கண்டிருந்த மக்கள் அரங்கத்தில் அமர்ந்திருந்தனர். அவர்களுக்கு வால்டெர்ராமாவை அறிமுகப்படுத்த வேண்டிய தேவையே இருக்கவில்லை.

ஃபெர்னாந்தோ போ பேசாத நாயகர். மௌனமும் முஷ்டியும் அவர் மொழி. அந்த மௌனத்துக்குக் கனம் கொடுத்தவர் எதிரே நின்று அளந்து பேசிய கார்சியா. சுவரில்லாமல் சித்திரம் ஏது? துணை நடிகரின் தொழில் இது. நாயகனின் ஆத்திரம் நியாயமானது என்று நம்மை நம்பவைக்க வேண்டிய பொறுப்பு நாயகனிடம் இல்லை. எதிரே நிற்பவனிடம் இருக்கிறது.

குறை சொல்லவும் இடமுண்டு. அவர் நடித்தவை அறுநூறைத் தாண்டும் என்பர். அத்தனையும் முத்தல்ல. ஒரே மாளிகை, ஒரே சுருட்டு, ஒரே கைத்துப்பாக்கி என்று வாரத்துக்கொரு படத்தில் அவர் வந்துபோன காலமும் உண்டு. 1970-களின் தொடக்கத்தில் அமெரிக்கக் கம்பெனிகள் குறைந்த செலவில் படம் எடுக்கப் பிலிப்பைன்ஸுக்குக் கப்பலேறி வந்தபோது, எடி ரொமேரோவின் இயக்கத்தில் அத்தகைய பலவற்றில் காவல் அதிகாரி முதலிய வேடங்களில் தோன்றினார். அவற்றைப் பற்றி நீட்டிப் பேச ஒன்றுமில்லை. நம் வீடுகளில் வைத்துப் பார்க்கத்தக்கவையும் அல்ல. இதைவிடப் பெரிய குறை ஒன்று, அவரைச் சேர்ந்ததன்று. அவர் நடித்த படவகையைச் சேர்ந்தது. கடைசிச் சுருளில் நாயகனின் குண்டுக்கு நீதிபதி விழுகிறார், அரங்கம் கைதட்டுகிறது, விளக்கு எரிகிறது. நீதிமன்றம் மட்டும் அப்படியே இருக்கிறது. மோரோ-மோரோவின் பழைய முடிவு உடை மாற்றிக்கொண்டு திரும்பி வந்துவிட்டது என்றே சொல்ல வேண்டும். தீமையைத் தனியொரு மனிதனாக்கிச் சுட்டுவிட்டால், அம்மனிதனை உண்டாக்கியதை யாரும் கேட்கமாட்டார்கள்.

இதன் விளைவு கற்பனையில் நின்றுவிடவில்லை. திரையில் ஏழைகளின் காவலராக நின்று புகழ் பெற்ற இன்னொரு பிடா, ஜோசப் எஸ்த்ராதா. மக்கள் அவரை 1998-இல் நாட்டின் குடியரசுத் தலைவராகவே ஆக்கினர். 2000-ஆம் ஆண்டில் அவர் மோரோ இஸ்லாமிய விடுதலை முன்னணியின் மீது முழுப் போர் தொடுத்தார். அபூபக்கர் முகாம் வீழ்ந்தது. மிண்டனாவோவில் இலட்சக்கணக்கானோர் வீடுவாசல் இழந்து பாய்களைச் சுருட்டிக்கொண்டு வெளியேறினர். நான் முன்பு குறித்த 'புதிய பிறை' அந்தப் போரின் நடுவே நிகழும் கதைதான். திரையின் நாயகன் அரியணை ஏறியதும் பழைய மேடையின் எதிராளியையே தேடிப் புறப்பட்டான். கொந்த்ராபிடா வேடம் போட்ட கார்சியா நமக்குக் காட்டிய எதிராளியோ வேறு ஆள். இரண்டில் எந்தப் பாடம் அந்நாட்டுக்குப் பயன்பட்டிருக்கும் என்பதை வாசகரின் முடிவுக்கு விடுகிறேன்.

அவர் இயக்குநராகவும் இருந்தார். 1980-களில் விவா நிறுவனத்துக்காக அவர் எடுத்த குடும்பக் கண்ணீர்ச் சித்திரங்கள் நன்றாக ஓடின. 1987-இல் வந்த 'ஸாஆன் நாக்தாதாகோ ஆங் பாக்-இபிக்' விருதுகளும் பெற்றது. பளபளப்பான மாளிகைகள், பணக்காரர்களின் இதயநோவு. நடிகராக அவர் தோலுரித்துக் காட்டிய அதே வர்க்கத்தை இயக்குநராகத் தடவிக் கொடுத்தார் என்பது என் எண்ணம். பலர் இதை ஏற்கமாட்டார்கள்.

நல்ல இயக்குநர்கள் கையில் அவர் கிடைத்தபோது என்ன நேர்ந்தது என்பதைத் தொடக்கத்திலேயே காட்டியவர் லீனோ புரோக்கா. 1970-ஐ ஒட்டி வந்த 'துபோக் ஸா கிந்தோ', பொன்னில் தோய்ந்தது என்று பொருள். தன்னுடைய ஓர் இரகசியம் மனைவிக்கும் மகனுக்கும் தெரிந்துவிடுமோ என்று நடுங்கி, அந்த இரகசியத்தை அறிந்த பணியாளின் மிரட்டலுக்கு இரையாகும் செல்வந்தர் வேடம். அதுவரை பிறரை மிரட்டிவந்த அந்தத் தாழ்ந்த குரல் இங்கே தானே அஞ்சுகிறது. வெள்ளைச் சட்டையின் மடிப்பு கலைகிறது. பொன் முலாமுக்கு அடியில் இருப்பது எது என்று புரோக்கா கேட்டார். கார்சியா தன் பிம்பத்தையே விலையாகக் கொடுத்து விடை சொன்னார். துணை நடிகராகவே பார்த்துப் பழகிய முகத்தில் ஒரு முழுப் படத்தைத் தாங்கும் ஆழம் இருந்தது என்பதை அந்நாட்டார் அன்று அறிந்தனர். இருந்தும் அத்தகைய வேடங்கள் அரிதாகவே வந்தன.

முதுமைதான் அவருக்கு வழிவிட்டது. 2000-த்தில் 'டெத்ரோ' படத்தில் சிறைக்குள் சிக்கிய ஒரு சிறுவனுக்கு நிழலாக நிற்கும் கிழக்கைதி. 2012-இல் ஜுன் ரொப்லெஸ் லானாவின் 'ப்வாகாவ்'. அப்போது வயது எண்பத்து மூன்று. சிற்றூர் ஒன்றின் தபால் நிலையத்தில் ஓய்வுபெற்ற பின்னும் போய் வேலை பார்க்கும் ரெனே என்ற கிழவர். துணை ஒரு நாய். உயில் எழுதி வைத்துவிட்டார், சவப்பெட்டியும் வாங்கியாயிற்று. யாரிடமும் இனிய சொல் கிடையாது. ஆண்களிடம் நாட்டமுடைய தம் இயல்பை வாழ்நாள் முழுதும் ஒளித்து, முதுமையில்தான் தமக்கே ஒப்புக்கொண்டவர் அவர். நம் மார்க்கம் அதுபற்றிச் சொல்வது யாவரும் அறிந்தது. அதைப் பேச இது இடமன்று. நான் கவனித்தது தனிமையை அவர் நடித்த விதம். அறுபதாண்டுகள் கொடியவனாகச் சேர்த்துவைத்த அத்தனை கடுமையையும் அவர் விடவில்லை. அதே கடுகடுப்பு, அதே குரல். நாய் நோயுற்றபின் அந்தக் கடுமையே ஒவ்வோர் ஓடாக உதிர்கிறது. அழுது காட்டவில்லை. வீட்டில் தனித்து விடப்பட்ட பெரியவர்கள் நம்மிடையே எத்தனை பேர்! அவர்களுடைய சிடுசிடுப்பை நாம் குணக்கேடு என்று ஒதுக்கிவிடுகிறோமே என்ற உறுத்தல் எனக்கு வெகுநாள் இருந்தது. அவ்வேடத்துக்காக 2013-இல் ஆசியத் திரைப்பட விருது விழாவில் சிறந்த நடிகராக அவர் தேர்ந்தெடுக்கப்பட்டார்.

இனி 2018-இல் வந்த 'எம். எல்.' படத்துக்கு வருவோம். என் கணிப்பில் அவருடைய வாழ்நாள் வேடங்களின் முடிவுரை அதுதான். எம். எல். என்பது இராணுவச் சட்டத்தைக் குறிக்கும் எழுத்துகள். 1972 செப்டம்பரில் மார்கோஸ் அதை அறிவித்தார்; 1981 ஜனவரி வரை அது நீடித்தது. படத்தில் கார்சியா ஓய்வுபெற்ற கர்னல். அந்தக் காலத்தில் மாணவர்களைப் பிடித்துச் சித்திரவதை செய்த காவற்படையில் இருந்தவர். வயோதிகத்தால் நினைவு பிறழ்ந்து, இராணுவச் சட்டம் இன்னும் நடைபெறுவதாக எண்ணிக்கொள்கிறார். இன்றைய கல்லூரி மாணவர்கள் அவர் வீட்டுக்குள் அகப்படுகிறார்கள்.

பார்ப்பதற்குக் கொடுமையான படம். பிள்ளைகளோடு பார்க்க இயலாது. ஆனால் அந்தக் கிழவரை எண்ணிப் பாருங்கள். அண்டை வீட்டார் வணக்கம் சொல்லும் பெரியவர். பேரப்பிள்ளைகள் உடையவர். பழைய நினைவு என்று அவரிடம் மிச்சமிருப்பது சித்திரவதையின் செய்முறை ஒன்றுதான். கை நடுங்குகிறது, செய்முறை மட்டும் தவறவில்லை. கார்சியா அதைக் கோபமே இன்றிச் செய்கிறார். அலுவலகப் பணியை முடிக்கும் ஒரு குமாஸ்தாவைப்போல. கூத்து மேடையின் கொடியவன் எங்கே, இவர் எங்கே! இக்கர்னலைக் கடைசிச் சுருளில் சுட்டுத் தீர்த்துவிட்டோம் என்று நிம்மதியாக எழுந்துபோக முடியாது. நாடு மறந்துவிட்டதை நினைவு பிறழ்ந்தவன் நினைவு வைத்திருக்கிறான் என்பதல்லவா அந்தப் படத்தின் முள்?

அந்தக் கதை நிகழ்வது மணிலாவில். அதைப் பார்க்கும் முஸ்லிமின் மனம் தெற்கே போகாமல் இராது. இராணுவச் சட்டம் வருவதற்கு நான்காண்டுகள் முன்னமே, 1968 மார்ச்சில், கொர்ரெஹிதோர் தீவில் இரகசியப் பயிற்சிக்குக் கொண்டுசெல்லப்பட்ட மோரோ இளைஞர்கள் சுட்டுக் கொல்லப்பட்டனர். 1974 பிப்ரவரியில் சூலுவின் தலைநகரான ஹோலோ தீக்கிரையாயிற்று. அதே ஆண்டு செப்டம்பரில் பலிம்பாங் கரையில், மாலிஸ்போங் ஊரில், ஆண்களைப் பள்ளிவாசலுக்குள் அடைத்து வைத்துக் கொன்றார்கள். பலியானவர்கள் ஆயிரத்துக்கும் மேற்பட்டோர் என்பது அம்மக்களின் கணக்கு. அரசு அவர்களை மனித உரிமை மீறலுக்கு ஆளானவர்கள் என்று ஒப்புக்கொள்ள நாற்பதாண்டுகள் ஆயின. அந்தப் பள்ளிவாசல் வாசலில் காவல் நின்றவர்களுக்கும் பின்னர் வயதாகியிருக்கும், ஓய்வூதியம் வாங்கியிருப்பார்கள், யாரோ அவர்களுக்கு வணக்கம் சொல்லியிருப்பார்கள். கார்சியா அந்த முகத்தைத்தான் நடித்தார். நடிப்பென்ற ஒன்றால் மட்டுமே அந்த முகத்தை அவர்களிடமிருந்து பறித்துத் திரையில் வைக்க முடிந்தது. ஏறத்தாழ நான்கு நூற்றாண்டுக்கு முன் மணிலா மேடையில் வைக்கப்பட்ட எதிராளியின் முகத்தோடு இதனை அருகருகே வைத்துப் பார்க்க வேண்டும். சினிமாலயா விழாவில் இவ்வேடத்துக்காக அவருக்கு மீண்டும் சிறந்த நடிகர் விருது கிடைத்தது.

மறு ஆண்டு ஜூன் 8-ஆம் நாள். மணிலாவின் தோண்டோ பகுதியில் ஒரு தொலைக்காட்சித் தொடரின் படப்பிடிப்பு. கார்சியாவுக்குத் தொண்ணூறு வயது. சண்டைக் காட்சியொன்றில் நடந்துவந்தவர் தரையில் கிடந்த மின்வடம் ஒன்றில் கால் தடுக்கி விழுந்தார். கழுத்து முள்ளெலும்பு முறிந்தது. அவ்விடத்தில் மருத்துவக் குழு இருக்கவில்லை. நினைவு திரும்பாமலே ஜூன் 20-இல் இறந்தார். ஆலை முதலாளியாக, தொழிலாளரின் உயிரை மதியாதவனாக எத்தனையோ படங்களில் வந்தவர் ஒரு தொழிலாளியாகவே வேலையிடத்தில் விழுந்தார்.

அதன்பின் நடந்ததைச் சொல்லாமல் விடுவது நியாயமாகாது. திரைப்படம், தொலைக்காட்சித் துறைகளில் உழைப்போரின் பாதுகாப்புக்கென ஒரு மசோதா நாடாளுமன்றத்துக்கு வந்தது. ஐந்தாண்டுகள் இழுபட்டு, 2024 மே மாதத்தில் 11996-ஆம் எண்ணுள்ள குடியரசுச் சட்டமாக நிறைவேறியது. 'எடி கார்சியா சட்டம்' என்பதே அதன் பெயர். வேலை தொடங்குமுன் எழுத்து மூலமான ஒப்பந்தம் வேண்டும். நாளுக்கு எட்டு மணி நேரமே வேலை. நீட்டித்தாலும் பதினான்கைத் தாண்டலாகாது. வாரத்துக்கு அறுபது மணிக்கு மேற்படலாகாது. வேலையிடத்தின் பாதுகாப்புக்குத் தயாரிப்பாளர் பொறுப்பு. அதில் கையொப்பமிட்ட குடியரசுத் தலைவர், 1972-இல் இராணுவச் சட்டத்தை அறிவித்தவரின் மகன்.

பெரிய நட்சத்திரங்களுக்கு ஒப்பந்தமும் வண்டியும் குடை பிடிக்க ஆளும் எப்போதும் உண்டு. இச்சட்டம் பெயர்ப் பட்டியலின் அடியில் வருகிறவர்களையும், பட்டியலில் வராமலே போகிறவர்களையும் சேர்த்தே குறிக்கிறது: கூட்டத்தில் ஒருவராக நிற்பவர், விளக்குத் தூக்குபவர், தரையில் வடம் இழுத்துப் போடுகிறவர்.